கடன் வழக்கும் கெடு நாட்களும்

சிவில் வழக்கைப் பற்றி நம் கிராமங்களில் ஒரு நம்பிக்கை நெடுங்காலமாக நிலவி வருகிறது. "சிவில் வழக்கா? அது முடிவதற்குள் தலைமுறையே மாறிவிடும். வாய்தா மேல் வாய்தா போகும். அவசரம் ஒன்றுமில்லை" என்று திண்ணையில் உட்கார்ந்து பேசுவோர் பலர். இரு தரப்பாரும் நீதிமன்றத்திற்கு வந்து வாதாடும் வழக்கைப் பொறுத்தவரையில் இதில் ஓரளவு உண்மை உண்டு. ஆனால் ஒரு தரப்பார் வராத வழக்கிற்கு இது சிறிதும் பொருந்தாது. கடன் பாக்கிக்காகத் தொடரப்பட்ட வழக்கில் பிரதிவாதி வாயைத் திறக்காமல் இருந்துவிட்டால், அவ்வழக்கு சில வாரங்களிலேயே முடிந்துவிடக்கூடும். அவருக்கு எதிராகவே முடியும் என்பதையும் சொல்ல வேண்டியதில்லை.

கடன் வாங்கியவர் அதைத் திருப்பிக் கொடுக்க வேண்டும் என்பதில் இரண்டாவது கருத்து இல்லை. எவ்வளவு வாங்கினோம், எவ்வளவு கொடுத்தோம், இன்னும் எவ்வளவு பாக்கி என்பதைச் சரியாகக் கணக்கிட்டுத் தீர்ப்புப் பெறும் உரிமை கடனாளிக்கும் உண்டு என்பதே இப்பாடத்தின் பொருள். அந்த உரிமையைக் குறித்த நாட்களுக்குள் பயன்படுத்த வேண்டும். நாள் தவறினால், வீட்டுப் பெட்டியில் எத்தனை ரசீதுகள் இருந்தாலும் அவை நீதிபதியின் கண்ணுக்கு எட்டாமற் போய்விடும்.

ஓர் எடுத்துக்காட்டு

விஷயம் தெளிவாக விளங்கும்பொருட்டு ஒரு கற்பனை வழக்கை எடுத்துக்கொள்வோம்.

ஒரு விவசாயி கிணற்றை ஆழப்படுத்துவதற்காக ரூ. 60,000 கடன் வாங்கி, ஆண்டுக்கு நூற்றுக்குப் பன்னிரண்டு வட்டியில் புரோநோட்டு எழுதிக் கொடுத்தார். ஓராண்டு கழிந்ததும் நிலக்கடலை விற்ற பணத்தில் ரூ. 25,000-ஐ வங்கி வழியாகக் கடன் கொடுத்தவரின் கணக்கில் செலுத்தினார். புரோநோட்டின் பின்புறத்தில் வரவு வைக்கும்படி கேட்டபோது, "நோட்டு இப்போது கையில் இல்லை, பிறகு பார்த்துக்கொள்ளலாம்" என்று பதில் வந்தது. அதன்பின் மழை பொய்த்தது. மேற்கொண்டு பணம் கட்ட இயலவில்லை. மூன்றாண்டு நிறைவதற்குச் சில நாட்களுக்கு முன்பு கடன் கொடுத்தவர் வழக்குத் தொடர்ந்தார். அசல் ரூ. 60,000, மூன்றாண்டு வட்டி ரூ. 21,600, ஆக ரூ. 81,600 வர வேண்டும் என்று பிராதில் கண்டிருந்தது. இடையில் கொடுத்த ரூ. 25,000-ஐப் பற்றி ஒரு சொல்லும் இல்லை.

ஆகஸ்டு 5-ஆம் தேதி கோர்ட்டுச் சேவகர் சம்மனையும் பிராதின் நகலையும் கொண்டுவந்து கொடுத்தார். விவசாயி கையொப்பமிட்டு வாங்கிக்கொண்டார். ஆகஸ்டு 22-ஆம் தேதி ஆஜராக வேண்டும் என்று அதில் எழுதியிருந்தது. அவர் அன்று மாலையே கடன் கொடுத்தவர் வீட்டிற்குச் சென்று முறையிட்டார். "கோர்ட்டுக்கு வந்து நீ ஏன் அலைய வேண்டும்? அறுவடை முடியட்டும், ஊரிலேயே பேசித் தீர்த்துக்கொள்வோம்" என்று அவர் சமாதானம் சொல்லி அனுப்பினார். விவசாயி நம்பினார், சம்மனை மடித்துப் பெட்டியில் வைத்துவிட்டார்.

ஆகஸ்டு 22-ஆம் தேதி அவர் பெயர் மூன்று முறை கூப்பிடப்பட்டது. யாரும் வரவில்லை. பிரதிவாதி ஆஜராகவில்லை என்று பதிவு செய்து, வழக்கு ஒருதலைப்பட்ச விசாரணைக்குத் தள்ளி வைக்கப்பட்டது. செப்டம்பர் 10-ஆம் தேதி வாதியின் சாட்சியம் பதிவாயிற்று. புரோநோட்டு சான்றாவணமாகக் குறிக்கப்பட்டது. செப்டம்பர் 17-ஆம் தேதி கேட்ட தொகை முழுவதற்கும் செலவுத் தொகையுடன் டிக்ரி ஆயிற்று. சம்மன் வந்ததிலிருந்து ஆறே வாரங்கள்!

விவசாயி உரிய காலத்தில் தம் வங்கிக் கணக்குப் புத்தகத்தைக் காட்டியிருந்தால் கணக்கு எப்படி இருந்திருக்கும்? முதலாண்டு வட்டி ரூ. 7,200. கொடுத்த ரூ. 25,000-இல் அது போக மீதி ரூ. 17,800 அசலில் கழியும், அசல் ரூ. 42,200 ஆகும். அதற்குப் பின் இரண்டாண்டு வட்டி ரூ. 10,128. மொத்தப் பாக்கி ரூ. 52,328. டிக்ரியான தொகைக்கும் இதற்கும் உள்ள வித்தியாசம் ரூ. 29,272. ஒரு நாள் நீதிமன்றத்திற்குப் போகாமல் இருந்ததற்கு அக்குடும்பம் கொடுக்க நேர்ந்த விலை இது.

நீதிபதி பாரபட்சமாக நடந்துகொண்டாரா என்றால் இல்லை. கையொப்பமிட்ட புரோநோட்டு முன்வைக்கப்படும்போது, அதற்குரிய பணம் கைமாறியிருக்கிறது என்றே முதலில் கருத வேண்டும் என்று மாற்றுமுறை ஆவணச் சட்டம் கூறுகிறது. அது அப்படியல்ல என்று காட்டும் பொறுப்பு கையொப்பமிட்டவரைச் சார்ந்தது. பணம் திரும்பச் செலுத்தப்பட்டது என்பதையும் செலுத்தியவரே காட்ட வேண்டும். பேச வேண்டியவர் பேசவில்லை. எதிரில் இருந்த காகிதம் மட்டுமே பேசியது.

சம்மனை வாங்க மறுக்கலாமா?

வக்கீல் அனுப்பும் நோட்டீசு வேறு, நீதிமன்றச் சம்மன் வேறு. வக்கீல் நோட்டீசு என்பது வழக்குத் தொடரப்போவதாக எச்சரிக்கும் கடிதம். அதற்கு உடனே பதில் அனுப்பி, கொடுத்த தொகைகளைத் தேதி வாரியாகக் குறிப்பிடுவது பிற்காலத்தில் பெரிதும் உதவும். சம்மனோ வழக்கு ஏற்கனவே தொடரப்பட்டுவிட்டது என்பதற்கு அடையாளம். அதில் நீதிமன்றத்தின் பெயர், வழக்கு எண், ஆஜராக வேண்டிய தேதி ஆகியவை இருக்கும்; முத்திரையும் இருக்கும்.

சம்மனை வாங்காவிட்டால் வழக்கு நடவாது என்று எண்ணிக் கதவைச் சாத்திக்கொள்வோர் உண்டு. இது பெருந்தவறு. வாங்க மறுத்தால் சேவகர் அதை வீட்டுக் கதவில் ஒட்டிச் செல்வார். பதிவுத் தபாலை மறுத்தால், 'வாங்க மறுத்தார்' என்னும் தபால்காரரின் குறிப்பைக் கொண்டே சம்மன் சேர்ந்ததாக நீதிமன்றம் முடிவு செய்யலாம். பிரதிவாதி ஊரில் இல்லாமல், விரைவில் திரும்பக்கூடிய நிலையும் இல்லையென்றால், அவருடன் வசிக்கும் வயதுவந்த குடும்பத்தாரிடம், ஆணாயினும் பெண்ணாயினும், சம்மனைக் கொடுக்கலாம். ஆகையால் வீட்டில் உள்ள ஒவ்வொருவருக்கும் இதைச் சொல்லி வைக்க வேண்டும். மனைவியோ மகனோ வாங்கி வைத்துவிட்டுச் சொல்ல மறந்தால், நாட்கள் நமக்காகக் காத்திரா. சம்மன் வந்தவுடன் அதன் மேல் வந்த தேதியை எழுதி வைப்பது நல்ல பழக்கம்.

முப்பது நாள், தொண்ணூறு நாள்

பிராதுக்குப் பிரதிவாதி எழுத்து மூலமாகக் கொடுக்கும் பதிலுக்கு 'எதிருரை' என்று பெயர். 1908-ஆம் ஆண்டின் சிவில் நடைமுறைச் சட்டம் இவ்விஷயத்தை ஒழுங்கு செய்கிறது. அச்சட்டத்தில் செய்யப்பட்ட திருத்தங்கள் 2002-ஆம் ஆண்டு ஜூலை முதல் தேதி நடைமுறைக்கு வந்தன. அவற்றின்படி, சம்மன் சேர்ந்த நாளிலிருந்து 30 நாட்களுக்குள் எதிருரையைத் தாக்கல் செய்ய வேண்டும். தக்க காரணம் இருந்தால், நீதிமன்றம் அக்காரணத்தைப் பதிவு செய்து அவகாசம் கொடுக்கலாம். ஆயினும் அது சம்மன் சேர்ந்த நாளிலிருந்து 90 நாட்களுக்கு மேற்படலாகாது.

சம்மன் சேர்ந்த நாளை விட்டு மறுநாளிலிருந்து எண்ண வேண்டும். மேற்கண்ட எடுத்துக்காட்டில் சம்மன் சேர்ந்தது ஆகஸ்டு 5. முப்பதாம் நாள் செப்டம்பர் 4. தொண்ணூறாம் நாள் நவம்பர் 3.

தொண்ணூறு நாள் கடந்தால் கதவு அடியோடு அடைபட்டுவிடுமா? சேலம் வழக்கறிஞர் சங்கம் தொடுத்த வழக்கில் உச்ச நீதிமன்றம் 2005-ஆம் ஆண்டில் இதைக் குறித்துத் தீர்ப்பளித்தது. மிகவும் விதிவிலக்கான சந்தர்ப்பங்களில் 90 நாட்களுக்குப் பின்னும் எதிருரையை ஏற்க நீதிமன்றத்திற்கு அதிகாரம் உண்டு என்றும், அதைச் சர்வ சாதாரணமாகப் பயன்படுத்தலாகாது என்றும் அத்தீர்ப்பு விளக்கியது. நோய், வெள்ளம் போன்ற இடையூறுகளால் தவறியவருக்கு இது ஆறுதல். அசட்டையால் தவறியவர் இதை நம்பியிருக்கக் கூடாது.

சில பண வழக்குகள் சுருக்க விசாரணை முறையில் தொடரப்படுவதும் உண்டு. அவ்வாறாயின் அது சம்மனிலேயே குறிக்கப்பட்டிருக்கும். அங்கே அவகாசம் மிகக் குறைவு. சம்மன் சேர்ந்த 10 நாட்களுக்குள் ஆஜராக வேண்டும். அதன்பின் தீர்ப்புக்கான சம்மன் வந்ததும், மேலும் 10 நாட்களுக்குள் வழக்கை எதிர்த்து வாதாட அனுமதி கேட்க வேண்டும். எனவே சம்மனை முழுவதும் படிக்க வேண்டும். படிக்கத் தெரியாதவர் படித்தவரிடம் காட்ட வேண்டும்.

பிறருக்காகச் சாமீன் கையொப்பமிட்டவர்களும் கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு. "வாங்கியவர் பார்த்துக்கொள்வார்" என்று அவர்கள் இருந்துவிடலாகாது. சாமீன்தாரரின் பொறுப்பு பொதுவாகக் கடனாளியின் பொறுப்பிற்குச் சமமானது. ஒவ்வொரு பிரதிவாதிக்கும் அவரவருக்குச் சம்மன் சேர்ந்த நாளிலிருந்து கெடு தனித்தனியே ஓடுகிறது.

எதிருரையில் என்ன இருக்க வேண்டும்?

"பிராதில் கண்டவை யாவும் பொய்" என்று ஒரே வரியில் எழுதிவிட்டால் போதாது. பிராதில் சொல்லப்பட்ட ஒவ்வொரு செய்திக்கும் தனித்தனியே பதில் வேண்டும். தெளிவாக மறுக்காத செய்தி ஒப்புக்கொள்ளப்பட்டதாகவே கொள்ளப்படும். உண்மையை ஒப்புக்கொள்வதால் நஷ்டமில்லை. "ரூ. 60,000 வாங்கியது உண்மை, ரூ. 25,000 இன்ன தேதியில் இன்ன வங்கி வழியாகச் செலுத்தியதும் உண்மை, பாக்கி இவ்வளவே" என்று எழுதும் எதிருரை, வாங்கவே இல்லை என்று சாதிக்கும் எதிருரையைவிட வலுவானது.

ஆதாரங்களையும் எதிருரையுடன் சேர்த்தே தாக்கல் செய்ய வேண்டும். ரசீது, வங்கிக் கணக்குப் புத்தகம், மணியார்டர் சீட்டு, கடன் கொடுத்தவர் எழுதிய கடிதம் ஆகிய எதுவும் விடுபடக் கூடாது. பின்னர்க் கொண்டுவருவதற்கு நீதிமன்றத்தின் அனுமதி வேண்டியிருக்கும்.

வக்கீலிடம் முதல் நாளிலேயே சொல்ல வேண்டியவை நான்கு. முதலாவது, கொடுத்த தொகைகளும் தேதிகளும். இரண்டாவது, வட்டி விகிதம். கந்துவட்டி, மீட்டர் வட்டி போன்ற கொடிய வட்டிகளைத் தடுக்கத் தமிழ்நாட்டில் 2003-ஆம் ஆண்டில் தனிச் சட்டமே இயற்றப்பட்டுள்ளது. பேசிய வட்டி என்ன, வாங்கிய வட்டி என்ன என்பதை மறைக்காமல் சொல்ல வேண்டும். மூன்றாவது, கையொப்பமிட்டபோது புரோநோட்டு நிரப்பப்பட்டிருந்ததா, வெறுந்தாளாக இருந்ததா என்பது. வெற்றுத்தாளில் கையொப்பமிட்டுக் கொடுப்பவர், அதை நிரப்பிக்கொள்ளும் அதிகாரத்தையும் கொடுத்தவராகவே சட்டத்தால் கருதப்படக்கூடும். ஆகவே இதை முன்கூட்டியே எடுத்துரைப்பது அவசியம். நான்காவது, கடனின் வயது. கேட்டவுடன் கொடுக்க வேண்டிய புரோநோட்டின் மேல் அது எழுதப்பட்ட நாளிலிருந்து மூன்றாண்டுகளுக்குள் வழக்குத் தொடர வேண்டும் என்பது 1963-ஆம் ஆண்டின் காலவரையறைச் சட்டத்தின் விதி. அக்காலத்திற்குள் கடனாளி எழுத்து மூலம் கடனை ஒப்புக்கொண்டாலோ, பகுதித் தொகை செலுத்தித் தம் கையெழுத்திட்டுக் குறித்தாலோ, அந்நாளிலிருந்து புதிதாக மூன்றாண்டு ஓடும். மூன்றாண்டு கடந்த கடனைத் திருப்பித் தருவதாகப் புதிதாக எழுதிக் கொடுத்தால், அதுவும் கட்டுப்படுத்தும். ஆகவே பழைய நோட்டில் கையொப்பம் கேட்டு வருபவருக்கு யோசியாமல் கையொப்பமிடக் கூடாது.

ஏமாற்றும் மூன்று எண்ணங்கள்

முதல் எண்ணம், "ஊரில் பேசி முடித்துவிட்டோம், இனிக் கோர்ட்டுக்குப் போக வேண்டியதில்லை" என்பது. சமரசம் நல்லதே. ஆனால் நடக்கும் வழக்கில் செய்துகொண்ட சமரசத்தை எழுதி, இருவரும் கையொப்பமிட்டு, நீதிமன்றத்தில் தாக்கல் செய்தால்தான் அது வழக்கை முடிக்கும். வாய்ப்பேச்சு நீதிமன்றக் கட்டில் ஏறாது. சமரசம் தாக்கலாகும் வரை ஒவ்வொரு வாய்தாவிற்கும் ஆஜராக வேண்டும்.

இரண்டாம் எண்ணம், "வக்காலத்துக் கொடுத்தாயிற்று, இனி எல்லாம் வக்கீல் பாடு" என்பது. வக்கீல் சட்டத்தை அறிவார். நம் வீட்டுப் பெட்டியில் உள்ள ரசீதை அறியார். எதிருரையைப் படித்துக் கையொப்பமிட வேண்டியவர் பிரதிவாதியே. எதிருரை தாக்கலாயிற்றா, அடுத்த வாய்தா எது என்று கேட்டுக் குறித்து வைப்பது கட்சிக்காரரின் கடமை. இக்காலத்தில் இது எளிதாகவும் ஆகியிருக்கிறது. ஒவ்வொரு வழக்கிற்கும் பதினாறு எழுத்தும் எண்ணும் கொண்ட சி.என்.ஆர். எண் ஒன்று கொடுக்கப்படுகிறது. இ-கோர்ட்ஸ் இணையதளத்திலோ கைப்பேசிச் செயலியிலோ அதை இட்டால், வழக்கின் நிலையும் அடுத்த தேதியும் தெரியும்.

மூன்றாம் எண்ணம், "விவசாயியைச் சட்டம் தானாகவே காப்பாற்றும்" என்பது. 1938-ஆம் ஆண்டில் இராஜாஜியின் அமைச்சரவைக் காலத்தில் சென்னை மாகாண விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம் வந்தது. 1937 அக்டோபர் முதல் தேதியன்று பாக்கியாக நின்ற பழைய வட்டியைத் தள்ளுபடி செய்த சட்டம் அது. அத்துணைப் பெரிய சலுகையிலும், ஏற்கனவே டிக்ரியாகியிருந்த கடனைக் குறைக்கக் கடனாளி மனுச் செய்தாக வேண்டியிருந்தது. சட்டம் வழியைத் திறந்து வைத்தது. நடந்து போக வேண்டியவர் விவசாயியே. இன்றைக்கும் நிலைமை அதுதான்.

முதல் தேதி தவறிவிட்டால்

ஒருதலைப்பட்சமாக வைக்கப்பட்டதாலேயே எல்லாம் முடிந்துவிடவில்லை. தீர்ப்பு வருமுன் தெரியவந்தால், விசாரணை முடிந்து தீர்ப்புக்காக ஒதுக்கப்படுவதற்குள் தக்க காரணம் காட்டி, அந்த உத்தரவை நீக்கும்படி மனுச் செய்யலாம். அம்மனு ஏற்கப்படாவிட்டாலும், எஞ்சியுள்ள விசாரணையில் கலந்துகொள்ளும் உரிமை உண்டு என்று உச்ச நீதிமன்றம் 1955-ஆம் ஆண்டிலேயே விளக்கியிருக்கிறது. ஆகவே ஒரு தேதி தவறியவர் அடுத்த தேதிக்காவது ஓட வேண்டும்.

டிக்ரி ஆகிவிட்டால் இரு வழிகள் உண்டு. ஒன்று, அதே நீதிமன்றத்தில் டிக்ரியை நீக்கக் கோரும் மனு. சம்மன் முறையாகச் சேரவில்லை என்றோ, ஆஜராக முடியாமற்போனதற்குப் போதிய காரணம் உண்டு என்றோ இதில் காட்ட வேண்டும். கெடு, டிக்ரி தேதியிலிருந்து 30 நாள். சம்மன் முறைப்படி சேரவே இல்லையென்றால், டிக்ரியைப் பற்றித் தெரியவந்த நாளிலிருந்து 30 நாள். மற்றொன்று, மேல் நீதிமன்றத்தில் அப்பீல். மாவட்ட அளவிலுள்ள நீதிமன்றங்களில் அதற்கும் கெடு 30 நாள். நகல் வாங்குவதற்குப் பிடித்த நாட்கள் அதில் கழிக்கப்படும்.

நம் எடுத்துக்காட்டில் டிக்ரி தேதி செப்டம்பர் 17; கெடு அக்டோபர் 17. விவசாயிக்கோ ஜனவரி 20-ஆம் தேதி அமீனா வந்து நிலத்தை ஜப்தி செய்ய முற்பட்டபோதுதான் டிக்ரி தெரியவந்தது. சம்மனைத் தம் கையாலேயே வாங்கியிருந்ததால், தெரியவந்த நாளிலிருந்து கணக்கிடும் சலுகை அவருக்குக் கிடையாது. 95 நாள் தாமதத்தை மன்னிக்கும்படி தனி மனுப்போட வேண்டியவரானார். தாமத மனுவில் போதிய காரணம் காட்டியாக வேண்டும். மருத்துவமனைச் சீட்டு இருந்தால் காட்டலாம். "வர வேண்டாம் என்று எதிரியே சொன்னார்" என்பதை எப்படிக் காட்டுவது? நீதிமன்றம் இரங்கி மனுவை ஏற்றாலும், செலவுத் தொகை கட்டு, டிக்ரித் தொகையில் ஒரு பகுதியை நீதிமன்றத்தில் செலுத்து என்று நிபந்தனை விதிக்கலாம். மேலும், மனுப்போட்டதாலேயே ஜப்தி நின்றுவிடாது. தடை உத்தரவு தனியே பெற வேண்டும். ஆகஸ்டு மாதத்தில் ஒரு நாள் வேலையாக இருந்தது, ஜனவரியில் பல மாதத் தொல்லையாக வளர்ந்துவிட்டது.

டிக்ரிக்குப் பிறகும் உரிமைகள் உண்டு

தொகை நியாயமானதே, ஆனால் ஒரே மூச்சில் கட்ட இயலாது என்ற நிலையில் இருப்பவர் தவணை கேட்கலாம். தீர்ப்பின்போதே தவணையில் செலுத்த உத்தரவிட நீதிமன்றத்திற்கு அதிகாரம் உண்டு. டிக்ரிக்குப் பின் தவணை வேண்டுமாயின் கடன் கொடுத்தவர் சம்மதிக்க வேண்டும். ஆகையால் ஆஜராகிக் கேட்பவருக்கே இதிலும் நன்மை. விவசாயக் கடன் போன்ற வியாபாரமல்லாத கடன்களில், டிக்ரி தேதிக்குப் பின் அசலின் மேல் ஆண்டுக்கு நூற்றுக்கு ஆறுக்கு மேல் வட்டி விதிக்கலாகாது என்பதையும் அறிந்துகொள்ள வேண்டும்.

டிக்ரிப் பணத்தைச் செலுத்துவதில் மிகுந்த கவனம் தேவை. நீதிமன்றத்தின் வழியாகவோ, வங்கி அல்லது தபால் மூலமாகவோ செலுத்துவதே உத்தமம். வெளியில் கையில் கொடுத்தால் எழுத்து மூலமான ரசீது வேண்டும். அது நீதிமன்றத்தில் பதிவாகவும் வேண்டும். கடன் கொடுத்தவர் பதிவு செய்யாவிட்டால், பணம் கொடுத்த 30 நாட்களுக்குள் கடனாளியே மனுச் செய்யலாம். பதிவாகாத தொகையை டிக்ரியை நிறைவேற்றும் நீதிமன்றம் கணக்கில் எடுத்துக்கொள்ளாது. ஒரே கடனை இருமுறை கட்டியவர்களின் துயரத்திற்கு இதுவே காரணம்.

எல்லாச் சொத்தும் ஜப்திக்கு உட்பட்டதல்ல. விவசாயத்தை ஜீவனமாகக் கொண்டவரின் உழவுக் கருவிகள், பிழைப்புக்கு இன்றியமையாத கால்நடை, விதைத் தானியம், அவர் குடியிருக்கும் வீடு ஆகியவற்றைச் சட்டம் காக்கிறது. நிலத்திற்கு அப்பாதுகாப்பு இல்லை. பணக் கடன் டிக்ரிக்காகப் பெண்களைக் கைது செய்யலாகாது. நிலம் ஏலம் போய்விட்டாலும், 60 நாட்களுக்குள் டிக்ரித் தொகையையும், ஏலம் எடுத்தவருக்காக ஏலத் தொகையில் நூற்றுக்கு ஐந்தையும் கட்டி ஏலத்தை நீக்கக் கேட்கலாம். இவ்வுரிமைக்கும் ஒரு கெடு இருப்பதைக் கவனிக்க வேண்டும்.

பஞ்சாயத்து உறுப்பினரின் பங்கு

பஞ்சாயத்து உறுப்பினர் வக்கீலாக வேண்டியதில்லை. வழக்கைத் தீர்த்து வைக்க வேண்டியதுமில்லை. தம் பகுதியில் ஒருவருக்குச் சம்மன் வந்தது தெரிந்தால், அன்றே அவரைச் சந்தித்து, அதைப் படித்துக் காட்டி, ஆஜராகும் தேதியையும் முப்பதாம் நாளையும் நாட்காட்டியில் குறித்துக் கொடுத்தால் போதும். அதுவே பெரிய உதவி.

வக்கீல் வைக்கப் பணமில்லை என்பது இக்காலத்தில் காரணமாகாது. 1987-ஆம் ஆண்டின் சட்டப்பணிகள் அதிகாரச் சட்டத்தின்படி பெண்கள், ஆதிதிராவிடர், பழங்குடியினர், மாற்றுத் திறனாளிகள், இயற்கைச் சீற்றத்தால் பாதிக்கப்பட்டோர், குறித்த வரம்புக்குட்பட்ட வருமானம் உடையோர் முதலியோருக்கு இலவசமாக வக்கீல் அமர்த்தித் தரப்படுகிறது. பெண்களுக்கும் ஆதிதிராவிடர், பழங்குடியினருக்கும் வருமான வரம்பு இல்லை. வட்டச் சட்டப்பணிகள் குழுவை அணுகலாம். 15100 என்னும் கட்டணமில்லாத் தொலைபேசி எண்ணிலும் கேட்கலாம்.

சமரசம் விரும்புவோருக்கு மக்கள் நீதிமன்றம் இருக்கிறது. அங்கே ஏற்படும் முடிவு நீதிமன்ற டிக்ரிக்குச் சமமானது. வாதி கட்டிய கோர்ட்டுக் கட்டணமும் திருப்பித் தரப்படும். ஆகையால் கடன் கொடுத்தவரும் அதற்கு இணங்குவது எளிது. அம்முடிவின் மேல் அப்பீல் கிடையாது என்பதால், தொகையைச் சரிபார்த்த பின்பே கையொப்பமிட வேண்டும்.

கூட்டுறவுச் சங்கக் கடன் பற்றிய தாவாக்கள் சிவில் நீதிமன்றத்திற்குப் போகாமல் கூட்டுறவுப் பதிவாளரின் முன் விசாரிக்கப்படுகின்றன. அங்கிருந்து வரும் நோட்டீசுக்கும் அதில் கண்ட தேதிக்குள் பதில் கொடுக்க வேண்டும்.

நினைவில் வைக்க வேண்டிய நாட்கள்

1. சம்மனில் கண்ட தேதி: தவறாமல் ஆஜராக வேண்டும்.
2. எதிருரை: சம்மன் சேர்ந்த 30 நாள், நீதிமன்றம் அனுமதித்தால் 90 நாள் வரை.
3. சுருக்க விசாரணை வழக்கு: ஆஜராக 10 நாள், தீர்ப்புச் சம்மனுக்குப் பின் அனுமதி கேட்க 10 நாள்.
4. ஒருதலைப்பட்ச டிக்ரியை நீக்கும் மனு: டிக்ரியிலிருந்து 30 நாள்.
5. மாவட்ட அளவிலுள்ள நீதிமன்றத்தில் அப்பீல்: 30 நாள்.
6. வெளியில் செலுத்திய டிக்ரிப் பணத்தைப் பதிவு செய்யும் மனு: 30 நாள்.
7. பணம் கட்டி ஏலத்தை நீக்கும் மனு: 60 நாள்.

கூடிப் பேச வேண்டிய கேள்விகள்

1. நம் ஊரில் கடன் திருப்பிக் கொடுப்போர் ரசீது வாங்குகிறார்களா? புரோநோட்டில் வரவு வைக்கும்படி கேட்கிறார்களா?
2. வீட்டுத் தலைவர் வெளியூர் சென்றிருக்கையில் சம்மன் வந்தால், அவ்வீட்டார் யாரிடம் காட்டுவார்கள்?
3. நம் வட்டத்தின் சட்டப்பணிகள் குழு எங்கே இருக்கிறது? அம்முகவரியும் 15100 என்ற எண்ணும் பஞ்சாயத்து அலுவலகத்தில் எழுதி வைக்கப்பட்டிருக்கின்றனவா?

மூன்றாவது கேள்விக்கு 'இல்லை' என்பது விடையானால், அடுத்த கூட்டம் வரை காத்திராமல் அதை இன்றே எழுதி வைக்கலாம்.